பிராந்தி இருக்கலாகாத வீடு

“…நானா சொன்னேன்? அச்சுல போட்டிருக்கு. பேறு நடந்த வீட்டுல பிராந்தி இருக்கப்பிடாதுன்னு எழுத்தெழுத்தா அடிச்சு வச்சிருக்கான். இதுக்குமேல நான் என்ன சொல்லணும்? கூட்டிக்கிட்டுப் போங்க.”

குளச்சலுக்குக் கிழக்கே, தென்னந்தோப்புக்கு நடுவில் இருந்த ஒரு வீட்டு முற்றத்தில் நின்று இதைச் சொன்னவள் என் அக்காளின் மாமியார். கேட்டுக்கொண்டு நின்றவர்கள் நானும் என் அப்பாவும். அக்காள் வாசல்படியில் உட்கார்ந்திருந்தாள். தலை வாரவில்லை. ரவிக்கையின் முன்பக்கம் பால் ஊறி நனைந்திருந்தது. உள்ளே தொட்டிலில் அவளுடைய பிள்ளை அழுதது, அவள் எழுந்தாள், மாமி கையை நீட்டி வாசலை மறித்தாள்.

வயதில் மூத்தவர்களைப் பற்றி எழுதும்போது ‘சொன்னார்’, ‘வந்தார்’ என்று எழுத வேண்டும் என்பது எனக்கும் தெரியும். கூடப் பிறந்த அக்காளைத் தவிர மற்ற எல்லோருக்கும் போடுவேன். இவளுக்குப் போடமாட்டேன். நேரில் நின்றபோது “மாமி, மாமி” என்று எவ்வளவோ பணிந்து பேசியாகிவிட்டது. அச்சிலாவது அந்தக் கணக்கு நேராகட்டும்.

எங்கள் ஊர் அஞ்சுகிராமம். திருநெல்வேலிச் சீமையை எட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிற ஊர். அங்கே புத்தி தடுமாறினவளைக் கிறுக்கி என்போம். அக்காளைக் கட்டிக் கொடுத்த மேற்குப் பக்கத்தில் மலையாளம் கலந்த பேச்சு. அங்கே பைத்தியத்துக்குப் பிராந்து என்று பேர். ஆணுக்கு வந்தால் பிராந்தன், பெண்ணுக்கு வந்தால் பிராந்தி. ஒரே மாவட்டத்துக்குள் நாலு மணி நேரப் பயணம். அதற்குள் வசவுகூட மாறிவிடும். நாங்களெல்லாம் ஒரே தமிழ், தமிழ்நாட்டோடுதான் சேர வேண்டும் என்று ஊருக்கு ஊர் மேடை போட்டுப் பேசிக்கொண்டிருந்த காலம் அது. நானும் போய்க் கைதட்டியிருக்கிறேன்.

அக்காளுக்கு என்ன வந்தது என்பதைச் சொல்லிவிடுகிறேன். பிள்ளை பிறந்து கொஞ்ச நாள் நன்றாகத்தான் இருந்தாள். அப்புறம் உறக்கம் போயிற்று. தன் பாலைக் கையில் பீய்ச்சி நக்கிப் பார்த்து, “கசக்கு, கசக்கு, பிள்ளைக்குக் குடுக்கப்பிடாது” என்று அழுவாள். பிள்ளையின் துணியை அவித்து, காயப் போட்டு, காய்ந்ததும் எடுத்து மறுபடி அவிப்பாள். கிணற்றைப் பார்த்துப் பேசுவாள். இடையிடையே, “பத்தாயத்துக்குப் பொறத்தால குப்பி இருக்கு. மாமி எடுத்து எடுத்துக் குடிக்காவ. எனக்கக் கண்ணால பாத்தேன்” என்பாள். பத்தாயம் என்றால் நெல் போட்டு வைக்கிற பெரிய மரப்பெட்டி. அந்த வீட்டில் அது அரங்கு என்கிற உள்ளறைக்குள்ளே, மாமி படுக்கிற இடத்துக்குப் பக்கத்தில் கிடந்தது. பால் கசக்கிறது என்பதும் கிணறு பேசுகிறது என்பதும் எப்படியோ, அப்படித்தான் இதையும் எல்லோரும் எடுத்துக்கொண்டோம். மாமி மட்டும் எப்படி எடுத்துக்கொண்டாள் என்பது பிறகுதான் எனக்குத் தெரிந்தது.

அந்த வீட்டில் ஒரு புத்தகம் இருந்தது. பேறுகாலத்துக்கும் பிள்ளை வளர்ப்புக்குமான சின்னப் புத்தகம். அத்தான், அதாவது அக்காளின் கணவர், எங்கோ சந்தையில் வாங்கி வந்தது. மாமிக்கு எழுத்து தெரியாது. அத்தான் வாசிப்பார், அவள் கேட்பாள். அத்தான் கயிறு வியாபாரி. வியாபாரத்தில் கெட்டிக்காரர், அம்மாவுக்கு முன்னால் மட்டும் நனைந்த கயிறு. அவர் வாசித்த ஒரு வரி, வீட்டின் சட்டமாகிவிட்டது.

அன்றைக்கு அப்பா கேட்டார், “சம்பந்தி, பிள்ளையையும் சேத்துத் தாருங்க. தாய்ப்பால் குடிக்கப்பட்ட பிள்ளை இல்லியா?”

“பிராந்திக்க கையில பிள்ளையைக் குடுக்கவா? நல்ல கதை. எருமைப்பால் இருக்கு, நான் இருக்கேன். நீங்க மொதல்ல ஒங்க சாதனத்தைக் கொண்டு போங்க.”

சாதனம் என்றால் பண்டம். என் அக்காளைத்தான் சொன்னாள்.

எனக்கு வயிறெரிந்தது மாமியால் மட்டும் அல்ல. நான் மூன்றாம் வகுப்போடு நின்றவன். அப்பாவின் கடையில் கருப்பட்டி பொதிகிற காகிதங்களை வாசித்து வாசித்துப் படிப்பு கற்றவன். மடித்த தாளில் பாதிக் கதை இருக்கும். மீதியை நானே உண்டாக்கிக்கொள்வேன். அச்செழுத்தென்றால் எனக்குச் சாமி. அந்தச் சாமியே என் அக்காள் வீட்டில் இருக்கக்கூடாது என்று சொல்லிவிட்டதே என்ற கொதிப்பை யாரிடம் போய்ச் சொல்வது? எழுதினவன் யார் என்று தெரிந்தால் அவன் வீட்டு வாசலில் போய் நிற்பேன் என்று வண்டியில் வரும்போது பல்லைக் கடித்துக்கொண்டு வந்தேன்.

அக்காளை நெய்யூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். அங்கே ஒரு நர்ஸம்மா, நல்ல தடித்த உருவம், அதட்டிப் பேசுவார். வந்தவுடன் அக்காளின் பக்கத்தில் கட்டிலிலேயே உட்கார்ந்தார். பேரைக் கேட்கவில்லை, ஊரைக் கேட்கவில்லை.

“ராத்திரி வெப்ராளமா இருக்கா மக்கா?” என்றார்.

நெஞ்சு பதறுகிறது, நிலை கொள்ளவில்லை, காரணம் தெரியவில்லை, எல்லாம் சேர்ந்ததுதான் எங்கள் பக்கத்து வெப்ராளம். பேருந்து வரப் பிந்தினால் வெப்ராளம். பிள்ளைக்குக் காய்ச்சலென்றால் வெப்ராளம். எல்லார் வாயிலும் கிடக்கிற சொல். அதுவரை பிராந்தி, கிறுக்கி, பேய் பிடித்தவள் என்று அக்காளைப் பற்றித்தான் எல்லோரும் பேசினார்களே தவிர, அவளிடம் யாரும் கேட்டதில்லை. அக்காள் நர்ஸம்மாவின் முகத்தைப் பார்த்தாள். “ஆமா” என்று தலையாட்டினாள். பிறகு அழுதாள். அந்த அழுகை, அதற்கு முன்னால் அழுத அழுகை மாதிரி இல்லை.

“இது சாமியும் இல்லே, சாபமும் இல்லே. பேறு கழிஞ்ச ஒடம்புக்கு வரப்பட்ட ஒரு சீக்கு. சில பேருக்கு வரும், போவும். மருந்து தாறோம். உறங்கணும். பிள்ளையும் கூட ஆள் தொணையோட பக்கத்துல கெடக்கணும். பிள்ளை எங்கே?” என்று என்னைப் பார்த்தார்.

நான் என்னத்தைச் சொல்ல? “அத்தான் வீட்டுல. தரமாட்டோம்னு சொல்லுகாவ, புஸ்தகத்துல போட்டிருக்காம்” என்றேன்.

“எந்தப் புஸ்தகத்துல?” என்றார்.

அந்தப் புத்தகத்தைத் தேடத் தொடங்கினேன். கிடைத்த பிரதியையெல்லாம் கொளுத்துவது என்பதுதான் திட்டம். கடைசியில் கோட்டாற்றுச் சந்தையில், சாக்கு விரித்துப் பழைய புத்தகம் விற்கிற ஒரு சாயபுவிடம் கிடைத்தது. அட்டை போன பிரதி. எழுதினவர் பேரும் அட்டையோடு போயிருந்தது. சந்தைக் கூட்டத்துக்கு நடுவில் குத்த வைத்து, பக்கம் பக்கமாகத் தள்ளி, அந்த வரியைக் கண்டுபிடித்தேன். பிரசவ கிரகத்தில் பிராந்தி இருத்தலாகாது. அச்சொட்டாக இருந்தது. மாமி பொய் சொல்லவில்லை. வாய்விட்டு இன்னொரு முறை வாசித்தேன்.

சாயபு சிரித்தார். “நல்ல மனுசன்லா எழுதியிருக்காரு! எங்க ஆளுவளுக்கு அது ஹராம். அவருக்கும் ஆகாது போலிருக்கு.”

“எது?”

“பிராந்திதான் வே. குப்பியில வரப்பட்ட சாதனம். பேறு கழிஞ்சா ஒடம்பு தேறும்னு பொம்பளைகளுக்கு ஒரு மொடக்கு குடுப்பாவல்லா? அதைக் குடுக்காதேன்னு போட்டிருக்காரு. நீரு என்னன்னு நெனைச்சீரு?”

நான் அடுத்த வரியை வாசித்தேன். அதனைப் பானம் செய்விக்கும் வழக்கம் விருத்தியாகி வருவது சோசனீயம். ஆமாம், குப்பிப் பிராந்திதான். வடக்கே எங்கேயோ இருந்துகொண்டு எழுதின மனிதருக்கு, மேற்கே ஒரு வீட்டில் பிராந்தி என்றால் ஒரு பெண் என்று எப்படித் தெரியும்? அடுத்த வரியை வாசித்திருந்தால் அந்த வீட்டுக்குப் புரிந்திருக்கும். ஆனால் அந்த வரியில் விருத்தியும் சோசனீயமும் நின்று வழியை மறித்துக்கொண்டிருந்தன. அத்தான் அதைத் தாண்டிக் குதித்து அடுத்த பக்கத்துக்குப் போயிருப்பார்.

இதைவிடப் பெரிய அடி நாலு பக்கம் தள்ளிக் கிடந்தது. பிரசவானந்தரம் சித்தப்பிரமை கொண்ட மாதரைச் சிசுவினின்று வியோகம் செய்வித்தல் பிரமையை விருத்திப்பிக்கும். எனக்கு வியோகம் தெரியும். நாடக நோட்டீஸில் வரும். நாயகன் நாயகியைப் பிரிந்து அழுகிற காட்சிக்கு அதுதான் பேர். மற்ற சொற்களை அதைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொன்றாக அவிழ்த்தேன். பிள்ளை பெற்றபின் புத்தி தடுமாறினவளைப் பிள்ளையிடமிருந்து பிரித்தால் சீக்கு கூடும். நர்ஸம்மா கட்டிலில் உட்கார்ந்து ஒரு மூச்சில் சொன்னதேதான். அக்காளைக் காப்பாற்ற வேண்டிய வரி அந்த வீட்டுக்குள்ளேயே, அந்தப் புத்தகத்துக்குள்ளேயே இருந்தது. யாருக்கும் புரியாத மொழியில் பத்திரமாக இருந்தது. அந்தப் புத்தகம் முழுவதிலும் அந்த வீட்டுக்குப் புரிந்த ஒரே சொல் பிராந்தி. அதுவும் தப்பாகப் புரிந்தது.

எழுதினவரை என்ன செய்வது? ஆள் தெரியாது. அவரைப் பழிவாங்க எனக்குத் தெரிந்த வழி, பிற்பாடு, அதே விஷயத்தை நானே எழுதியதுதான். மனதுக்கு வரும் சீக்குகளைப் பற்றி இன்றுவரை நான் எழுதிய சின்னப் புத்தகங்களெல்லாம், பெரிய எழுத்தில், கடைக்கு வருகிறவர்கள் வாசிக்கிற மாதிரி எழுதியவை. பேசாத பிள்ளைகளைப் பற்றி எழுதியதும் அப்படித்தான். எல்லாம் அந்த மனிதர் மேல் உள்ள கோபத்தில் எழுதியவை. ஒவ்வொரு வரியையும் முதலில் அக்காளுக்கு வாசித்துக் காட்டுவேன். அவள் புருவம் சுருங்கினால் அந்தச் சொல் செத்தது. முதல் புத்தகத்தின் முதல் வரியே ‘ராத்திரி வெப்ராளமாக இருக்கிறதா?’ என்பதுதான். படித்தவர் ஒருவர், “இது புத்தகத்தில் வருகிற சொல்லா?” என்று கேட்டார். “இனிமேல் வரும்” என்றேன்.

ஆனால் மாமியென்றால் எனக்கு ஆள் தெரியும், வீடு தெரியும், பத்தாயம் இருக்கிற இடமும் தெரியும். அக்காள் மருந்தில் தேறி, உறங்கி, தலைவாரிப் பூ வைத்துக்கொண்டு, எங்கள் வீட்டு அடுப்படியில் இருந்தபடி நிதானமாக மறுபடியும் சொன்னாள்.

“அது பெனாத்தல் இல்லேடே. மாமி சாயங்காலம் சாயங்காலம் அரங்குக்குள்ள போவாவ, பிராந்திக் குப்பியை எடுப்பாவ. நான் பாத்துட்டேன். பாத்துட்டேன்னு அவியளுக்கும் தெரியும்.”

அப்பா சொன்னார், “சண்டை வேண்டாம்லே. பிள்ளை கெடைச்சாப் போதும்.” எனக்குப் போதாது. பிள்ளையும் வேண்டும், மாமியின் தலையும் குனிய வேண்டும். கடையில் கருப்பட்டி நிறுக்கும்போதெல்லாம் அந்தக் காட்சியை மனதில் ஓட்டிப் பார்ப்பேன். ஒரு நாள் மாமி அழுவாள். ஒரு நாள் என் காலைப் பிடிப்பாள். ஒரு நாள் தோப்போடு ஓடிப்போவாள். தராசுத் தட்டு தரையைத் தொட்டுக்கொண்டு நிற்கும். “என்னடே, கருப்பட்டியை நிறுக்கியா, கனவை நிறுக்கியா?” என்பார்கள் வந்தவர்கள்.

காலம் தானாகவே வந்தது. பிள்ளைக்குக் காது குத்த வேண்டும். காது குத்துகிறபோது பிள்ளை தாய்மாமன் மடியில் இருக்க வேண்டும். அது இல்லாமல் குத்தினால் ஊர் சிரிக்கும். அந்தப் பிள்ளைக்கு உலகத்தில் இருக்கிற ஒரே தாய்மாமன் நான். அத்தான் அஞ்சுகிராமத்துக்கு வந்தார், கடைவாசலில் நின்று செருப்பைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

“அம்மா ஒன்னை வரச் சொன்னாவ.”

“அக்காளை?”

“அம்மா… ஒன்னைத்தான் வரச் சொன்னாவ.”

“வாறேன் அத்தான். அந்தப் புஸ்தகம் இருக்கில்லா? அதை மட்டும் பத்திரமா எடுத்து வையுங்க” என்றேன். என் குரலில் இருந்த தேனை எண்ணி இன்றைக்கும் சந்தோஷப்படுகிறேன்.

காது குத்துகிற அன்று காலை நானும் அப்பாவும் அக்காளும் பேருந்தில் போய், குளச்சல் ரோட்டில் இறங்கி, மாட்டுவண்டி பிடித்தோம். வீட்டுக்குச் சற்றுத் தள்ளி, முற்றத்திலிருந்து பார்த்தால் தெரிகிற மாதிரி, இடவழியில் வண்டியை நிறுத்தச் சொன்னேன். அக்காளும் அப்பாவும் வண்டியிலேயே இருந்தார்கள். அக்காள் மடியில் ஒரு சின்னச் சட்டையை வைத்து மடிப்பதும் பிரிப்பதுமாக இருந்தாள். “என்னைத் தெரியுமாடே பிள்ளைக்கு?” என்றாள். நான் இறங்கி நடந்தேன்.

முற்றத்தில் பந்தல். சொந்தக்காரர்கள் நிறைந்திருந்தார்கள். காது குத்துகிற ஆசாரி தங்கக் கம்பியைத் தீட்டிக்கொண்டிருந்தார். பாயில் என்னை உட்காரவைத்து, பிள்ளையை மாமியே கொண்டுவந்து என் மடியில் வைத்தாள். கொழுகொழுவென்று இருந்தது. மாமி குறை வைக்கவில்லை என்பதை இங்கே சொல்லாவிட்டால் பொய்யாகும். சொல்ல எனக்கு விருப்பமில்லை, சொல்லிவிட்டேன். பிள்ளை என் சட்டைப் பித்தானைப் பிடித்து இழுத்தது. அக்காளின் மூக்கு.

ஆசாரி கம்பியை எடுத்தார். நான் பிள்ளையின் காதைக் கையால் பொத்திக்கொண்டேன்.

“ஒரு நிமிசம் ஆசாரியாரே. மாமி, ஒரு சந்தேகம். எனக்க அக்காளை எதுக்கு இறக்கி விட்டியோ? இன்னைக்கு எல்லாரும் இருக்காவ, ஒரு வாட்டி சொல்லுங்க.”

மாமி அசரவில்லை. அவளுக்கு அது வேண்டியும் இருந்தது. ஊருக்கு முன்னால் தன் நியாயத்தைச் சொல்ல நல்ல இடம்.

“ஒளிச்சு வைக்க என்ன இருக்கு? பேறு நடந்த வீட்டுல பிராந்தி இருக்கப்பிடாது. அச்சுல போட்டிருக்கு. அச்சுல போட்டது பொய்க்குமா?”

“பொய்க்காது மாமி. நானும் அதைத்தான் சொல்லுகேன். அப்போ பிராந்தி இருக்கிற வீட்டுல இந்தப் பிள்ளை இருக்கப்பிடாது. அப்படித்தானே?”

“அப்படித்தான். எனக்க வாயால ஆயிரம் வாட்டி சொல்லுவேன்.”

“அத்தான், புஸ்தகத்தை எடுங்க. அந்த வரியை வாசியுங்க. அதுக்கு அடுத்த வரியையும் வாசியுங்க. நிறுத்தி வாசியுங்க.”

அத்தான் வாசித்தார். முதல் வரிக்கு எல்லோரும் தலையாட்டினார்கள். அடுத்த வரியில், “அதனைப் பானம் செய்விக்கும்…” என்றதும் தடுமாறினார்.

“பானம்னா குடிக்கப்பட்டது. பானகம்னு கோயில்ல குடுப்பாவல்லா, அது” என்றேன்.

மாமியின் அண்ணன், காது மந்தமான ஒரு கிழவர், கையைக் காதுக்கு வைத்துக்கொண்டு கத்தினார். “என்னலே சொல்லுகான்? பிராந்தியைக் குடிக்கதா? ஒரு பொம்பளையை எப்படிலே குடிப்பா?”

யாரும் சிரிக்கவில்லை. எல்லோர் முகத்திலும் அந்தச் சொல் மெதுவாகக் கவிழ்ந்து விழுவதை ஒவ்வொருவராகப் பார்த்தேன். ஆசாரிதான் முதலில், “அடடா, குப்பிப் பிராந்தியா!” என்றார். அப்புறம் பந்தலின் ஒரு மூலையில் சிரிப்பு கிளம்பி, இந்த மூலைவரை வந்து அத்தானின் முன்னால் நின்றது. அவர் புத்தகத்தைப் பார்த்தபடியே அழுதுகொண்டிருந்தார்.

நான் அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை. அதற்காகவா அவ்வளவு காலம் தராசுத் தட்டைத் தரையில் விட்டேன்?

“எனக்க அக்காளுக்குப் பேறுகழிஞ்சு ஒரு சீக்கு வந்தது, போயாச்சு. அவ அப்போ சொன்ன ஒண்ணை மட்டும் ஆரும் கேக்கல்ல. மாமி, நீங்க ஆயிரம் வாட்டி சொல்லுவியோ, பிராந்தி இருக்கிற வீட்டுல பிள்ளை இருக்கப்பிடாதுன்னு. பத்தாயத்துக்குப் பொறத்தால என்ன இருக்கு?”

சிரிப்பு அறுந்தது. மாமி என்னைப் பார்த்தாள். நான் காத்திருந்தேன். அழுவாளா, காலைப் பிடிப்பாளா, தோப்போடு போவாளா என்று, மனதில் ஓட்டிய காட்சிகளையெல்லாம் வரிசையாக எதிர்பார்த்து, ஒன்றைக்கூடத் தவறவிடக் கூடாது என்று கண்ணைக் கொட்டாமல் இருந்தேன்.

மாமி அரங்குக்குள் போனாள். பத்தாயம் நகர்கிற ஓசை கேட்டது. குப்பியை ஒளிக்கவில்லை, கையில் பிடித்துக்கொண்டே கூட்டத்தின் நடுவில் வந்தாள். அடைப்பைப் பல்லால் இழுத்தாள், எல்லோருக்கும் முன்னால் ஒரு முடக்குக் குடித்தாள், முந்தியால் வாயைத் துடைத்தாள். பிறகு என் முன்னால் குனிந்து, பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, பிள்ளை இருந்த இடத்தில், என் மடியில், குப்பியை வைத்தாள். பந்தலைத் தாண்டி, முற்றத்தைத் தாண்டி, அக்காளின் வண்டி நின்ற இடவழியைப் பார்த்து நடந்தாள்.